பகருநர், ஆள், விற்பனையாளர்: கடைத்தளத்தில் நிற்பவருக்கான பொதுப்பெயர்

இந்தியாவில் 1976-இல் இயற்றப்பட்டு 2025 வரை நடப்பிலிருந்த விற்பனை மேம்பாட்டு ஊழியர் பணிநிலைச் சட்டம், தான் யாருக்கானது என்று வரையறுத்த இடத்தில் ‘எந்தப் பெயரால் அழைக்கப்பட்டாலும்’ என்றொரு தொடரைச் சேர்த்திருந்தது. ஊதியத்துக்காக ஒரு பொருளின் விற்பனையையோ வணிகத்தையோ வளர்க்கும் வேலையைச் செய்பவர் யாராயினும், அவருடைய பதவிக்கு என்ன பெயர் சூட்டப்பட்டிருந்தாலும், அவர் விற்பனை மேம்பாட்டு ஊழியர். இந்தத் தொடர் வந்ததற்குக் காரணம் உண்டு. மருந்து நிறுவனப் பிரதிநிதி தொழில் தகராறுச் சட்டத்தின்படி ‘தொழிலாளி’ ஆகமாட்டார் என்று 1961-இல் மே அண்டு பேக்கர் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உடலுழைப்பு, எழுத்துவேலை என்று சட்டம் வகுத்திருந்த எந்தக் கூட்டுக்குள்ளும், பேசிப் பேசி விற்பனையைப் பெருக்கும் வேலை அடங்கவில்லை. அந்த வேலைக்குச் சட்டத்தில் பெயர் இல்லாததால் அதைச் செய்தவருக்குப் பாதுகாப்பும் இல்லை. 1976-ஆம் ஆண்டுச் சட்டம் அந்த இடைவெளியை நிரப்ப வந்தது. முதலில் மருந்துத் தொழிலுக்கு மட்டும் பொருந்திய அது, 2011-இல் அழகுசாதனம், சோப்பு, பிஸ்கட், மின்சாதனம், வண்ணப்பூச்சு முதலிய தொழில்களுக்கும் நீட்டிக்கப்பட்டது.

பெயர் எதுவானாலும் உரிமை ஒன்றே என்பது சட்டத்தின் நிலை. நீதிக்கு அது போதும். மொழி அப்படி இயங்குவதில்லை. தமிழ் நிச்சயமாக அப்படி இயங்குவதில்லை. கடைத்தளத்தில் நின்று ஒரு நிறுவனத்தின் பொருளை எடுத்துச் சொல்பவரை எந்தப் பெயரால் அழைக்கிறோம் என்பது, அவர் ஆணா பெண்ணா என்பதோடு, அவரை எந்தப் படியில் நிறுத்துகிறோம் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறது. தமிழில் இவ்விரண்டையும் ஒரே விகுதி சுமக்கிறது. ஆகவே ‘பால் சுட்டாத சொல்’ என்று ஆங்கிலத்தில் தேடப்படுவதும் தமிழில் நாம் தேடவேண்டியதும் ஒன்றல்ல என்பதே இக்கட்டுரையின் வாதம்.

முதலில் வேலையைப் பார்க்கவேண்டும். பெரிய மின்சாதனக் கடை ஒன்றில் தொலைக்காட்சிப் பெட்டிகளின் வரிசை முன் நிற்பவர் அந்தக் கடையின் ஊழியர் அல்லர். அவர் ஒரு நிறுவனத்தின் சட்டை அணிந்திருப்பார். சம்பளம் அந்த நிறுவனத்திடமிருந்தோ, ஆள் அனுப்பும் ஒப்பந்ததாரரிடமிருந்தோ வருகிறது. பில் போடுவது கடைக்காரர், பணம் வாங்குவதும் கடைக்காரர். இவர் விற்பதில்லை, வாங்கவைக்கிறார். கடைக்குள் இவருக்கு ‘புரமோட்டர்’ என்று பெயர். வாடிக்கையாளர் வாயில் இவர் சேல்ஸ்மேன் அல்லது சேல்ஸ் கேர்ள். கடையின் சொந்த ஊழியர்கள் ‘கம்பெனி ஆள்’ என்பார்கள்; இளையவராக இருந்தால் ‘கம்பெனிப் பையன்’, ‘கம்பெனிப் பொண்ணு’. மருந்துத் தொழிலில் ‘ரெப்’ என்ற சொல் இருபாலர்க்கும் வழங்கித் தேய்ந்து பழகிவிட்டது.

இவற்றுள் ‘புரமோட்டர்’ ஆங்கிலத்தில் பால் சுட்டாத சொல்தான். ஆனால் 2013-ஆம் ஆண்டு நிறுவனங்கள் சட்டத்தில் இதே சொல் ஒரு நிறுவனத்தைத் தோற்றுவித்துத் தன் பிடியில் வைத்திருப்பவரைக் குறிக்கிறது. 2016-ஆம் ஆண்டு மனைவணிகச் சட்டத்தில் அடுக்குமாடி கட்டி விற்பவரைக் குறிக்கிறது. நிறுவனத்தை ஆள்பவரும், அதன் சட்டையை அணிந்து நாள் முழுதும் நிற்பவரும் ஒரே பெயரால் சுட்டப்படுகிறார்கள். பாலை மறைத்த சொல் இங்கே வர்க்கத்தையும் சேர்த்து மறைத்துவிடுகிறது.

‘கம்பெனி ஆள்’ என்பதை இன்னும் கூர்ந்து நோக்கவேண்டும். ‘ஆள்’ என்பதில் பால் இல்லை. ஆம்பளை ஆள், பொம்பளை ஆள் என்று அடைமொழி கொடுத்துத்தான் பிரிக்கிறோம். களையெடுக்க ஆள், சுமை தூக்க ஆள், ஆள் கூலி என்னும் வழக்குகளில் அது மனிதரை எண்ணிக்கையாகக் குறிக்கும். பெரியபுராணத்தில் சுந்தரரை அடிமை என்று காட்ட நீட்டப்படும் ஓலை ‘ஆளோலை’. அங்கே ஆள் என்றால் அடிமை. ‘விற்பனையாளர்’ என்பதன் பின்பாதியில் இருப்பதும் இதே ஆள்தான், ‘அர்’ என்னும் விகுதியோடு. ‘கம்பெனி ஆள்’ பால் காட்டாது, மதிப்பும் தராது. ‘விற்பனையாளர்’ பால் காட்டாது, மதிப்புத் தரும். பால் சுட்டாமை ஒன்றையே அளவுகோலாகக் கொண்டால் இரண்டும் ஒரே நிறை. தமிழ்க் காதுக்கு அவை ஒரே நிறையல்ல என்பதை விளக்கவேண்டிய தேவையே இல்லை.

தொல்காப்பியம் உயர்திணையை ஆண்பால், பெண்பால், பலர்பால் என மூன்றாகப் பகுக்கிறது. ஒருவனா, ஒருத்தியா, பலரா என்பதே கேள்வி. பலர்பாலில் ஆணும் பெண்ணும் கலந்திருக்கலாம். அங்கே பால் கேட்கப்படுவதில்லை. ஆனால் ‘ஒருவர்’ என்ற பெயரை மட்டும் பெயரியல் தனியே எடுத்துப் பேசுகிறது: அது இருபாலுக்கும் உரியது, ஒருமையைக் குறித்தாலும் முடிபு பன்மையில் கொள்ளும். ஒருவரைப் பன்மையால் சுட்டுவது உயர்வு கருதி வழக்கில் வருவது, இலக்கண நெறியாகாது என்று கிளவியாக்கம் எச்சரிக்கிறது. இவ்விரண்டையும் சேர்த்துப் படித்தால் தெளிவு பிறக்கிறது. தமிழில் ஒரு தனிமனிதரைப் பால் குறிக்காமல் சுட்ட மொழி வைத்திருக்கும் முதன்மையான வழி, அவரைப் பலராக உயர்த்துவது. பொதுமை உயர்வின் வழியாகவே வருகிறது. ‘அன்’, ‘அள்’ என்று பால் வெளிப்படுவது மதிப்பு விலகும் இடத்தில். ஆகவே கடைப்பெண்ணை ‘விற்பனையாளர்’ என்பது, ஆங்கிலத்தில் ‘சேல்ஸ் கேர்ள்’ என்பதைச் ‘சேல்ஸ்பெர்சன்’ என்று மாற்றுவதைப் போன்றதன்று. அங்கே ஒரு பகுதி நீங்கி ஒரு பகுதி வருகிறது. இங்கே அவர் ஒரு படி ஏறுகிறார். ‘விற்பனைப் பெண்’ என்று விளம்பரத்தில் எழுதும்போது பாலைக் குறிப்பதோடு அந்தப் படியையும் எடுத்துவிடுகிறோம். திருநர் என்ற சொல் இன்று நிலைபெற்று வருவதற்கும் ‘அர்’ விகுதியே துணை. புதிய சொல்லுக்குப் பழைய வாசல்.

‘தொழிலாளி’ போன்றவை இதற்கு எதிர்ச்சான்று ஆகாதா என்று கேட்கலாம். ‘ஆளி’ என்னும் விகுதியைக் கவனிக்கவேண்டும்: தொழிலாளி, முதலாளி, நோயாளி, கடனாளி, கூட்டாளி, படைப்பாளி. இவை பால் காட்டுவதில்லை. பன்மையின் உதவியும் நாடவில்லை. மதிப்பை வினைமுற்று முடிவுசெய்கிறது: தொழிலாளி வந்தான், தொழிலாளி வந்தார். தமிழில் மெய்யாகவே நடுநிலையில் நிற்கும் ஒருமை விகுதி இதுவே என்பேன். ஆனால் ‘விற்பனையாளி’ என்று யாரும் சொல்வதில்லை. எழுத்தாளர், மேலாளர், செயலாளர் என்று மேசைக்குப் பின் அமர்ந்த வேலைகள் ‘ஆளர்’ பெற்றன. ‘விற்பனையாளர்’ அவற்றோடு சேர்ந்தது, நிற்கும் வேலையாக இருந்தும். இது அந்த வேலைக்குச் சொல் தேடியவர்கள் செய்த நல்ல காரியம்.

பழைய நூல்களில் விற்போர்க்கான சொற்கள் இதைவிட வளமானவை. சிலப்பதிகாரத்தின் இந்திரவிழவூரெடுத்த காதை மருவூர்ப்பாக்கத்தின் தெருக்களை விவரிக்கையில் வணிகம் செய்வோரைக் கூட்டங்கூட்டமாக நிறுத்துகிறது. நறுமணப் பொருள்களைச் சுமந்து திரிவோர் அங்கே பகர்வனர். உப்பு விற்போர் பகருநர். ஊன் விற்போர் விலைஞர். கள் விற்போர் மட்டும் நொடையாட்டியர். ‘நொடை’ என்றால் விலை, விற்பனை. ‘ஆட்டி’ வெளிப்படையான பெண்பால் விகுதி. மூதாட்டி, பெருமாட்டி என்பவற்றில் இன்றும் உயிரோடிருப்பது. கள் விற்றவர்கள் பெண்கள் என்பதால் சொல்லும் பெண்பாலில் நின்றது. மற்றவற்றில் ஆணும் பெண்ணும் கலந்திருந்திருக்கலாம். சொல் அதைக் கேட்கவில்லை.

‘பகர்’ என்னும் வேர் எனக்கு முக்கியமாகப் படுகிறது. பகர்தல் என்றால் சொல்லுதல். பகர்தல் என்றால் விற்றல். சொல்வதே விற்பதாக இருந்த தெருவின் சொல் அது. பொருளைக் கையில் ஏந்தி, அதன் பெயரையும் குணத்தையும் கூவி, கேட்பவரை நிறுத்திய வேலை. கடைத்தளத்துப் புரமோட்டர் செய்வது இதையே. அவர் செய்யும் வேலை சொல்லுதல். அதன் விளைவு விற்பனை. ‘விற்பனையாளர்’ இதைச் சரியாகச் சொல்லவில்லை, ஏனெனில் விற்பவர் கடைக்காரர். ‘விற்பனைப் பிரதிநிதி’ பையோடு கடைகடையாய் ஏறி ஆர்டர் எடுப்பவருக்கு உரியதாகிவிட்டது. ‘விற்பனை ஊக்குநர்’ என்பது மொழிபெயர்ப்பாகப் பொருந்தும். ஓட்டுநர், நடத்துநர் என்று மக்கள் ஏற்றுக்கொண்ட ‘நர்’ விகுதியும் அதில் இருக்கிறது. ‘பகருநர்’ என்பதை நாளையே கடையில் யாரும் சொல்லப்போவதில்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் கலைச்சொல் அகராதி தொகுப்பவர்கள் ‘ஊக்குநர்’ என்பதற்கு முன் இந்த வேரை ஒருமுறை எண்ணிப் பார்க்கவேண்டும் என்று வேண்டுகிறேன். வேலையின் இயல்பைப் பழந்தமிழ் ஒரே வினையில் பிடித்திருக்கிறது.

இனி என் வாதத்துக்கு எதிராக நிற்கும் வலுவான தடை. எழுத்துத் தமிழில் ‘அவர்’ இருபாலர்க்கும் பொது. பேச்சுத் தமிழில் அப்படியில்லை. ‘அவரு வந்திருக்காரு’ என்றால் வந்தவர் ஆண். மதிப்புக்குரிய பெண் வந்தால் ‘அவங்க வந்திருக்காங்க’. யாழ்ப்பாணத்தில் பிரிவு இன்னும் கூர்மை: அவர் என்றால் ஆண், அவா என்றால் பெண். ஏட்டில் பொதுவாக எழுதிய விகுதியைப் பேசுபவர் ஆண்பாலாகவே கேட்கிறார். ‘விற்பனையாளரைக் கேளுங்கள்’ என்று அறிவிப்புப் பலகை சொன்னால், படிக்கும் கண்முன் வருவது பெரும்பாலும் ஓர் ஆண். அதனால்தான் செய்தித்தாள்கள் ‘பெண் ஓட்டுநர்’, ‘பெண் விற்பனையாளர்’ என்று எழுதுகின்றன. ‘ஆண் விற்பனையாளர்’ என்று எழுதத் தேவை நேர்வது அரிது. பொதுச்சொல் என்று நாம் நம்புவது ஒரு பக்கம் சாய்ந்திருக்கிறது.

இந்தத் தடையை மறுக்க இயலாது. ஆனால் இதே பேச்சுத் தமிழில் இதற்கு மருந்தும் உண்டு. ‘வந்திருக்காங்க’ என்பது ஆண், பெண், பலர் மூவர்க்கும் செல்லும், மதிப்பும் குறையாது. மதுரைப் பக்கத்து ‘வந்தாக’ என்பதும் அப்படியே. பேச்சின் மெய்யான பொதுப்பால் ‘ஆங்க’ விகுதியில் இருக்கிறது. ‘ஆர்’ அதை இழந்துவருகிறது. எழுத்துத் தமிழுக்குப் பெயர் தேடும் அறிஞர்கள் இதைக் கேட்பதில்லை.

பெயர் பொதுவாக இருந்தால் வேலையும் பொதுவாகிவிடுமா? தமிழ்நாட்டு நியாயவிலைக் கடைகளில் விற்பனையாளர், கட்டுநர் என்னும் இரு பதவிகள் உள்ளன. பெண்கள் எடைபோட்டுப் பொருள் தரும் ரேஷன் கடைகளை எல்லா ஊரிலும் காணலாம். ‘விற்பனையாளர்’ அங்கே தன் பொருளை முழுமையாகப் பெற்றிருக்கிறது. அரசின் மதுபானக் கடைகளிலும் மேற்பார்வையாளர், விற்பனையாளர் என்னும் பதவிப் பெயர்கள் உள்ளன. அங்கே கம்பி வலைக்குப் பின்னால் இருப்பவர்கள் ஆண்கள். நொடையாட்டியர் இருந்த இடத்தில் விற்பனையாளர் வந்தபோது சொல் பொதுவானது, வேலை ஆண்களுடையதானது. சொல்லின் பொதுமை வேலைக்குக் கதவு திறந்துவிடுவதில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான இணை கிடைப்பது கடினம். மறுபுறம், 1976-ஆம் ஆண்டுச் சம ஊதியச் சட்டம் ஒரே வேலைக்கு ஆள் எடுக்கையில் பெண்ணுக்கு எதிராகப் பாகுபாடு காட்டலாகாது என்றது. ‘பெண்கள் மட்டும்’, ‘ஆண்கள் மட்டும்’ என்ற கடைவாசல் அட்டைகள் அதன்பின்னும் தொங்குகின்றன.

பொதுச்சொல் எங்கே பலன் தந்தது என்றால் நாற்காலியில். கோழிக்கோட்டுத் துணிக்கடைகளில் வேலை செய்த பெண்கள் உட்காரும் உரிமைக்காகப் போராடினார்கள். 2018-இல் கேரளம் தன் சட்டத்தைத் திருத்தியது. 2021-இல் தமிழ்நாடு, 1947-ஆம் ஆண்டுக் கடைகள் நிறுவனங்கள் சட்டத்தில் 22-அ பிரிவைச் சேர்த்து, எல்லா ஊழியர்க்கும் இருக்கை தரவேண்டும் என்றது. கோரிக்கையை எழுப்பியவர்கள் பெண்கள். சட்டத்தில் எழுதப்பட்ட சொல் ஊழியர். ‘பெண் ஊழியர்’ என்று எழுதியிருந்தால் பக்கத்துப் பிரிவில் நின்ற ஆணுக்கு அந்த இருக்கை கிடைத்திராது. 2010-இல் வெளிவந்த வசந்தபாலனின் ‘அங்காடித் தெரு’ திரைப்படத்தில் நாம் கண்டது, கடையில் நின்றே உழைத்த இருபாலாரின் கால்களையும்தான்.

ஆனால் புரமோட்டர் யாருடைய ஊழியர்? கடை, அவர் நிறுவனத்து ஆள் என்கிறது. நிறுவனம், ஒப்பந்ததாரரின் ஆள் என்கிறது. நான் பேசிப் பார்த்த ஒரு கடையில், அந்தக் கடையின் சொந்த ஊழியர்க்கு ஸ்டூல் போடப்பட்டிருந்தது. மூன்று நிறுவனங்களின் சட்டை அணிந்திருந்த மூவருக்கும் இல்லை. 1976-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு, விற்பனை மேம்பாட்டு ஊழியர் ஒவ்வொருவருக்கும் நியமனக் கடிதம் தரவேண்டும் என்றது. அந்த மூவரில் ஒருவரிடம் மட்டும் கடிதம் இருந்தது. அதில் பதவியின் பெயர் ஆங்கிலத்தில் இருந்தது. தமிழில் அதை என்னவென்று சொல்வீர்கள் என்று கேட்டேன். அவர் சற்று யோசித்து, “கடையில எங்களைக் கம்பெனி ஆள்னுதான் சொல்லுவாங்க” என்றார்.