சடுகுடுவும் கபடியும்: மூச்சில் பிறந்த பெயர்கள்

சம்பா அறுவடை முடிந்துவிட்டால் திருப்பனந்தாள் வட்டாரத்தில் கபடிச் சுவரொட்டிகள் தெருவுக்குத் தெரு ஏறிவிடும். வடக்கே கொள்ளிடத்தைத் தாண்டினால் அரியலூர்க்காரர்கள். கிழக்கே, 2020-இல் நாகப்பட்டினத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டமான மயிலாடுதுறைக்காரர்கள். பக்கத்து ஊர் இளைஞர்களே மாநிலப் போட்டியில் எதிரணி.

சுவரொட்டியில் இருப்பது ‘கபடி’. வயதானவர்கள் வாயில் வருவது ‘சடுகுடு’. ஒரே ஆட்டத்துக்கு இரண்டு பெயர் ஏன்?

‘கை’யும் ‘பிடி’யும் சேர்ந்த தமிழ்ச் சொல்லே கபடி என்று மேடையிலும் பாடநூலிலும் சொல்லிக் கேட்கிறோம். சொல்லும்போது பெருமையாகத்தான் இருக்கிறது. ஆனால் சொல்லின் உடம்பு அதற்கு இடம் கொடுக்கவில்லை. ‘கைப்பிடி’யில் பகரம் இரட்டிக்கிறது, டகரம் ஒற்றையாக நிற்கிறது. மராத்தியிலும் இந்தியிலும் வழங்கும் ‘கபட்டி’யில் பகரம் ஒற்றை, அதுவும் மெலிந்து ஒலிக்கும். இரட்டிப்பது டகரம். அப்படியே தலைகீழ். இதைவிட எனக்குப் பெரிதாகப் படுவது வேறொன்று. கைப்பிடி தமிழ்நாட்டில் பிறந்து ஊர் ஊராகப் போன பெயரென்றால், தமிழ்நாட்டு ஊர்களில் அது ஆட்டப்பெயராகப் பழகியிருக்க வேண்டும். பழகியவை சடுகுடுவும், அதன் நீண்ட வடிவமான பலிஞ்சடுகுடுவும்தான்.

மற்ற ஊர்ப் பெயர்களையும் கேட்டுப் பார்க்கலாம். ஆந்திரத்தில் செடுகுடு, மகாராட்டிரத்தில் ஹுதுது, வங்கத்தில் ஹாடுடு, இலங்கையில் குடு. எந்தப் பெயரிலும் கையில்லை, காலில்லை, கோடில்லை, எல்லையில்லை. எல்லாம் எதிரணிக் களத்தில் நுழைந்தவன் மூச்சு விடாமல் உருப்போடும் ஒலி. அவன் உச்சரிப்பதே ஆட்டத்தின் பெயராகிவிட்டது. ஆடுபவன் தன் வாயால் இடைவிடாமல் சொல்லிக்கொண்டே இருப்பதைப் பெயராகக் கொண்ட ஆட்டம் உலகில் அரிது.

தமிழ் வழக்கில் இதற்கு இன்னொரு சான்று இருக்கிறது. நம் ஊர்க் களத்தில் யாரும் எதிரணிக்குள் ‘போவதில்லை’, ‘பாடிப் போகிறார்கள்’. ஒலிபெருக்கியில் ‘இப்போது பாடி வருபவர்’ என்றுதான் அறிவிப்பு வரும். ஒருவரை அனுப்புவதும் ‘பாட’ அனுப்புவதுதான். மற்றவர் வேலை பிடிப்பது. பிடிப்பது இந்த ஆட்டத்தின் பாதி என்றாலும், பெயர் சூட்டும் உரிமை பாடுபவருக்கே போயிற்று.

சடுகுடு என்ற ஒலிக்கோவையைச் சற்று நாவில் வைத்துப் பாருங்கள். தொல்காப்பியம் வகுத்த பிறப்பிடப்படி சகரம் இடைநாவில், டகரம் நுனிநாவில், ககரம் நாவின் அடியில் பிறக்கும். இடை, நுனி, அடி, மறுபடி நுனி என்று நாக்கு ஒரு சுற்று ஓடி வருகிறது. உதடு ஒட்டும் எழுத்து ஒன்றுமில்லை. கடைசி ‘டு’ குற்றியலுகரம். அரை மாத்திரைதான் அதற்கு. ஒரே மூச்சில் நூறு முறை சொல்ல வேண்டியவனுக்கு அளந்து செய்துகொடுத்த சொல். ‘குடுகுடு’வென்று ஓடுவதும் இதில் கேட்கிறது. இலக்கணம் படித்தவர் யாரும் இதைச் செய்யவில்லை. களத்தில் மூச்சடக்கி ஓடியவர்களே செய்தார்கள்.

அப்படியானால் கபடி எப்படி மேலே வந்தது? விதிப்புத்தகத்தோடு வந்த பெயர் அது. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மேற்கு இந்திய உடற்பயிற்சிக் கழகங்கள்தாம் இந்த ஆட்டத்துக்கு விதி வகுத்தன; 1923-இல் பரோடாவில் அவை அச்சேறின. 1936 பெர்லின் ஒலிம்பிக்கின்போது மகாராட்டிரத்து அமராவதிக் கழகத்தார் இதை ஆடிக் காட்டினார்கள். 1950-இல் அகில இந்தியக் கபடிக் கூட்டமைப்பு உருவானது. 1952-இல் ஆண்களுக்கான முதல் தேசியப் போட்டி நடந்தது நம் சென்னையில். சடுகுடுவின் தலைநகரிலேயே கபடி பட்டம் கட்டிக்கொண்டது. விதிப்புத்தகமும் பாடுபவர் ‘கபடி’ என்றே பாட வேண்டும் என்றது. அதாவது பெயர் மாறியபோது பாட்டும் மாறியது. பெயரும் பாட்டும் ஒன்றே என்பதற்கு இதைவிட வேறு சாட்சி தேவையில்லை.

1990-இல் பெய்ஜிங் ஆசிய விளையாட்டில் கபடி சேர்ந்தது. இன்று தொலைக்காட்சி வர்ணனையில் ‘ரெய்டு’ ஆட்சி செய்கிறது. பாடுதல் என்ற வினையை அதற்காக விட்டுக்கொடுக்கக் கூடாது; பெயர் பிறந்த கதை முழுவதும் அந்த ஒரு வினைக்குள் இருக்கிறது.

ஈரானுக்கும் சொந்தமாக ஒரு மூச்சாட்டம் உண்டு. அதன் பெயர் ‘ஸூ’. அங்கும் ஆடுபவன் மூச்சு முட்டும்வரை இழுக்கும் ஒலியே ஆட்டத்தின் பெயர். 2016 உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் அகமதாபாதில் இந்தியா ஈரானை 38–29 என்று வென்றது. இந்திய அணியில் தஞ்சை மாவட்டத்துத் திருச்சனம்பூண்டியைச் சேர்ந்த தர்மராஜ் சேரலாதன் இருந்தார். சடுகுடு மண்ணும் ஸூ மண்ணும் ஒரே களத்தில் நின்று, விதிப்புத்தகம் தந்த மூன்றெழுத்தைப் பாடின.