அந்திரேயா கர்ரேயா

அந்திரேயா கர்ரேயா (1924–2013): இத்தாலியத் தொழில்முறைச் சைக்கிள் வீரர். ‘சாந்திரினோ’ என்று அழைக்கப்பட்டவர். புகழ்பெற்ற சைக்கிள் வீரர் ஃபௌஸ்தோ கொப்பியின் துணை வீரராகவே தம் பந்தய வாழ்க்கையைக் கழித்தவர். வட இத்தாலியின் பியெமோந்தே பகுதியில் பிறந்தார். இரண்டாம் உலகப் போரின்போது புகன்வால்ட் வதைமுகாமில் அடைக்கப்பட்டு, உயிர் தப்பி ஊர் திரும்பினார்.

போருக்குப் பின் அவரைச் செதுக்கியவர் நோவி லிகுரேயில் வாழ்ந்த பார்வையற்ற பயிற்சியாளர் பியாஜோ கவான்னா. வீரர்களின் தசைகளைத் தொட்டே அவர்களது திறனைக் கணித்த கவான்னாதான் கொப்பியையும் உருவாக்கியவர். அவர் வழியே கர்ரேயா கொப்பியின் பியாங்கி அணியில் சேர்ந்தார்.

துணை வீரரின் வேலை வெளிப்பார்வைக்குத் தெரியாது. முன்னால் செல்பவரின் நிழலில் ஓட்டினால் காற்றின் எதிர்ப்பு வெகுவாகக் குறையும். அதனால் அணித் தலைவருக்காக மணிக்கணக்கில் காற்றை முகத்தில் வாங்குவது துணை வீரரின் முதல் கடமை. அக்காலத்தில் வழியிலுள்ள ஊற்றுகளிலும் மதுக்கடைகளிலும் இறங்கித் தண்ணீர் நிரப்பி வருவது, தலைவரின் சக்கரம் பழுதானால் தன் சக்கரத்தைக் கழற்றித் தருவது, எதிரணியினர் முந்தி ஓடினால் அவர்களோடு ஒட்டிச் சென்று கண்காணிப்பது எல்லாம் அவர் பொறுப்பே. தலைவர் வென்றால் பரிசுப் பணத்தில் பங்கு கிடைக்கும்.

1952 டூர் டி பிரான்ஸில் இந்தக் கண்காணிப்பு வேலைதான் கர்ரேயாவை எதிர்பாராத இடத்தில் கொண்டு நிறுத்தியது. அப்போது தேசிய அணிகளே அந்தப் பந்தயத்தில் மோதின. ஒட்டுமொத்தப் பட்டியலில் முதலிடத்தில் இருப்பவர் அணியும் மஞ்சள் சட்டை இன்னொரு இத்தாலியரான ஃபியோரென்சோ மாஞ்ஞியிடம் இருந்தது. லோசான் நகரில் முடிந்த ஒன்பதாம் கட்டத்தில், முந்தி ஓடிய குழுவோடு கர்ரேயாவும் சென்றார். அக்குழு பெற்ற நேர முன்னிலையால், ஒட்டுமொத்தப் பட்டியலில் முதலிடம் அவருக்கு வந்துவிட்டது. செய்தி கேட்டு அவர் அழுதார். தலைவருக்குரியதைத் தான் எடுத்துக்கொண்டதாகக் கொப்பி நினைப்பாரோ என்று அஞ்சினார். கொப்பியோ அவரை வாழ்த்தினார். மறுநாள் காலை, மஞ்சள் சட்டையணிந்த கர்ரேயா கொப்பியின் காலணிகளைத் துடைக்கும் காட்சி படமாகவும் பதிவாயிற்று.

அன்றைய கட்டம் ஆல்ப் துயேஸ் மலையில் முடிந்தது; டூர் வரலாற்றில் மலை உச்சியில் முடிந்த முதல் கட்டம் அது. கொப்பி வென்று மஞ்சள் சட்டையைப் பெற்றார். பாரிஸை எட்டியபோது இரண்டாம் இடத்தவரான ஸ்தான் ஒக்கர்ஸை விட 28 நிமிடங்களுக்கு மேல் முன்னிலையில் இருந்தார். போட்டி சுவாரசியம் இழக்கக் கூடாதென்று அமைப்பாளர்கள் இரண்டாம் பரிசை இரட்டிப்பாக்கும் அளவுக்கு அவரது ஆதிக்கம் இருந்தது.

கர்ரேயாவை எளிய விசுவாசியாக மட்டும் காட்டும் கதைகள் அவருக்கு நியாயம் செய்வதில்லை. மூன்று வாரம் தலைவருக்காக உழைத்தும் அந்த டூரை ஒன்பதாம் இடத்தில் முடித்தவர் அவர். தமக்காக ஓட்டியிருந்தால் இன்னும் மேலே வந்திருக்கக்கூடிய வீரர் என்றே கருத வேண்டும். 1960 ஜனவரியில் மலேரியாவால் கொப்பி 40 வயதில் இறந்தார். கர்ரேயா அதன்பின் அரை நூற்றாண்டுக்கு மேல் வாழ்ந்து, 2013 ஜனவரியில் 88 வயதில் காலமானார்.