ஈர்ப்புக் காலநீட்சி
ஈர்ப்பு மிகுந்த இடத்தில் கடிகாரம் மெதுவாக ஓடும் விளைவு. ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் கோட்பாட்டிலிருந்து (1915) பெறப்படுவது. ஜவ்வாது மலையில், கடல்மட்டத்துக்கு 725 மீட்டர் மேலுள்ள காவலூரில் வைத்த கடிகாரம், மெரினா மணலில் வைத்ததைவிட நாளொன்றுக்குச் சுமார் 7 நானோநொடி முந்தும். சாமை விதைக்கும் மலைவாசி இதற்காக நேரத்தைத் திருத்த வேண்டியதில்லை.

ஆபத்தெல்லாம் கருந்துளையருகேதான். உள்ளே விழுபவரின் கடிகாரம், தொலைவிலிருந்து பார்ப்பவர் கண்ணுக்கு மேலும் மேலும் மந்தமாகி, கருந்துளையின் எல்லையோரம் உறைந்துபோனதாகத் தோன்றும். விழுபவருக்கோ நேரம் வழக்கம்போல ஓடும். எல்லையைத் தாண்டினால் திரும்பி வர வழிதான் இராது. சூரியனைப்போல 10 மடங்கு நிறையுள்ள சிறு கருந்துளையென்றால், எல்லையைத் தொடுமுன்பே உடலை இழுத்துப் பிய்த்துவிடும். பெரிய கருந்துளைகளையும் தொலைவிலிருந்தே ஆராயலாம்: முன்சொன்ன காவலூரிலுள்ள வைணு பாப்பு வானாய்வகத்தின் 2.34 மீட்டர் தொலைநோக்கி (1986), நடுவில் பெருங்கருந்துளை கொண்ட விண்மீன் மண்டலங்களின் ஒளியையும் ஆராயப் பயன்பட்டுள்ளது.