இசைத் தடம் – 17: வசனமில்லாத படத்துக்கு வாத்தியம்

போன வாரம் இசையமைப்பாளர் ஜி.கே. வெங்கடேஷின் குழுவில் இளையராஜாவைப் பார்த்தோம். அதே வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்த இன்னொருவர் எல். வைத்தியநாதன். பெயரைச் சொன்னால் ‘யாரு?’ என்று கேட்பவர்கள்கூட, ‘மால்குடி டேஸ்’ தொடக்க இசை என்றதும் சட்டென்று முணுமுணுத்துக் காட்டிவிடுவார்கள்.

பிறந்தது வயலின் வீட்டில். அப்பா வி. லட்சுமிநாராயணன் யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்தவர். 1958 கலவரத்தைத் தொடர்ந்து குடும்பம் சென்னைக்கு வந்தது. தம்பிகள் எல். சுப்ரமணியம், எல். சங்கர் இருவரோடும் சேர்ந்து மேடையில் வாசித்தார். தம்பிகள் கடல் தாண்டிப் போனார்கள். ஜான் மெக்லாஃப்ளினின் ‘சக்தி’ குழுவில் சங்கரின் வில் பேசியது. அண்ணன் சினிமாவில் தங்கிவிட்டார். கன்னடத்தில் சி. அஸ்வத்தோடு கூட்டு, அங்கே ‘அஸ்வத்–வைத்தி’ என்றால் தெரியும்.

தமிழில் அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது 1982-ல் கே. ஹரிஹரன் இயக்கிய ‘ஏழாவது மனிதன்’. பாரதி நூற்றாண்டு ஆண்டு. பாடல்கள் பாரதியுடையவை. ஏற்கெனவே ஊரே ஒவ்வொரு மெட்டில் பாடிக்கொண்டிருக்கும் வரிகளுக்குப் புது மெட்டுப் போடுவது விஷப்பரீட்சைதான். வைத்தியநாதன் கவிஞரோடு மல்லுக்கட்டவில்லை. ஜேசுதாஸின் குரலை முன்னால் விட்டு, வாத்தியங்களைப் பின்னால் நிறுத்தினார். இன்றைக்கும் பலருக்கு அதுதான் பாரதியின் மெட்டு!

பிறகு ‘மால்குடி டேஸ்’ தொடருக்கு இயக்குநர் சங்கர் நாக் அழைத்தார். ஆர்.கே. நாராயண் கதைகள், ஆகும்பேயில் படப்பிடிப்பு, தூர்தர்ஷனில் ஒளிபரப்பு. தலைப்பில் ஆர்.கே. லட்சுமணின் கோட்டோவியங்கள் வர, ஒரு குரல் ‘தானா நா’ என்று சொல்லின்றி இழையும். இந்தி புரியாமல் டிவி முன்னால் உட்கார்ந்திருந்த நம்மூர் வீடுகளில், அந்தத் தொடரில் மொழிபெயர்ப்பு தேவைப்படாத ஒரே பகுதி அதுதான்.

1987-ல் சிங்கீதம் சீனிவாசராவின் ‘பேசும் படம்’. ஒரு வார்த்தை வசனம் கிடையாது. இசையமைப்பாளருக்கு இதைவிட ஆசை காட்டும் வாய்ப்பு உண்டா? காலி இடமெல்லாம் அவருடையதே. ஆனால் அவர் எல்லாவற்றையும் நிரப்பப் பார்க்கவில்லை. தியேட்டர் சண்டைச் சத்தத்தின் நடுவே தூங்கிப் பழகிய கமல், நட்சத்திர ஓட்டலின் நிசப்தத்தில் தூக்கம் வராமல் அந்த இரைச்சலையே டேப்பில் பதிந்து வந்து போட்டுக்கொண்டு தூங்குவார். அங்கே தாலாட்டே அந்தக் கூச்சல்தான். சத்தங்களுக்கு வழிவிடத் தெரிந்தவர் இசையமைத்ததால்தான் இப்படிப்பட்ட காட்சிகள் எடுபட்டன என்பது என் கட்சி.

சிறந்த படத்துக்கான தேசிய விருதை முதன்முதலாகத் தமிழுக்குக் கொண்டுவந்த ‘மறுபக்க’த்துக்கும் இசை இவரே. இயக்குநர் சேதுமாதவனைப் பற்றிப் பேசினோம், மூலக்கதை எழுதிய இந்திரா பார்த்தசாரதியைப் பற்றிப் பேசினோம். வைத்தியநாதன் பேச்சில் வரவில்லை. பாட்டை வைத்தே இசையமைப்பாளரை எடைபோடும் ஊரில் அப்படித்தான் நடக்கும். 2007 மே மாதம் அவர் காலமானார்.

(தொடரும்)