ரோசி சென்ற சாலை

மலையாளத்தின் முதல் திரைப்படமான விகதகுமாரனில் நாயகியாக நடித்த பி. கே. ரோசி, அதற்கு முன்பே மேடை கண்டவர். தமிழும் மலையாளமும் கலந்து நடக்கும் காக்காரிசி நாடகத்தில் நடித்துவந்தார். அந்நாடகத்தில் பெண் வேடத்தையும் பெரும்பாலும் ஆண்களே கட்டிய காலம் அது.

ஜே. சி. டேனியலின் அப்படம் திருவனந்தபுரம் கேபிடல் அரங்கில் திரையிடப்பட்டது 1928இலா 1930இலா என்ற வழக்கு ஆய்வாளரிடையே இன்னும் தீரவில்லை. நடந்ததில் வழக்கில்லை. புலையர் சாதியில் பிறந்த பெண் நாயர் மகளாகத் தோன்றியதைப் பொறாதவர்கள் திரையின்மீது கல்லெறிந்தனர். ரோசி ஊரைவிட்டே போக நேர்ந்தது. லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, நாகர்கோவிலில் வேறு பெயருடன் வாழ்ந்தார் என்பர்.

நாகர்கோவில் செல்லும் சாலை நெய்யாற்றின்கரையையும் பாறசாலையையும் கடந்தே போகிறது. அன்று அது முழுவதும் திருவிதாங்கூர் மண். 1956 நவம்பர் 1 அன்று பாறசாலைக்கு அப்பால், களியக்காவிளையருகே மாநில எல்லை விழுந்தது. ரோசியின் நடிப்பு வாழ்க்கை ஒரு மாநிலத்தின் வரலாறாயிற்று. எஞ்சிய வாழ்க்கை மற்றொன்றின் எல்லைக்குள் பேச்சற்றுப் போயிற்று.

அகஸ்தீசுவரத்தில் முதுமையைக் கழித்த டேனியலுக்கும், தமிழ்நாட்டில் வசிப்பவர் என்று காரணம் காட்டிக் கேரளம் உதவித்தொகை மறுத்ததாகச் சொல்வர். பின்னர் அவர் பெயரில் கேரள அரசு விருது ஏற்பட்டது. ரோசி நடித்த படச்சுருளோ எங்கும் எஞ்சவில்லை.