விருந்தும் மாட்டிறைச்சியும் - ஒரு வரலாற்றுப் பார்வை



அண்ணல் நபி (ஸல்) அவர்களின் பாட்டனார் அப்துல் முத்தலிப் அவர்களின் தந்தையாருக்குப் பெற்றோர் இட்ட பெயர் அம்ர் என்பதாகும். வரலாறோ அவரை ஹாஷிம் என்றே அறியும். அச்சொல்லுக்கு ‘நொறுக்குபவர்’ என்று பொருள். மக்காவைப் பஞ்சம் வாட்டிய ஓர் ஆண்டில் அவர் ஷாம் தேசத்திலிருந்து ரொட்டிகளைக் கொண்டுவந்து, ஒட்டகங்களை அறுத்து, பெரும் பாத்திரங்களில் வேகவைத்து, அந்த இறைச்சிச் சாற்றில் ரொட்டியை நொறுக்கிப் போட்டு ஊர் மக்களுக்கெல்லாம் வழங்கினார் என வரலாற்றாசிரியர்கள் எழுதுகின்றனர். அந்த உணவின் பெயர் ஸரீத். பனூ ஹாஷிம் என்னும் கண்ணியமிக்க குலத்தின் பெயரே ஒரு பொதுச் சமையலிலிருந்து பிறந்தது என்பதை நம்மில் எத்தனை பேர் எண்ணிப் பார்த்திருப்போம்?

பெருங்கூட்டத்திற்கு இறைச்சியை நிதானமாக வேகவைத்துப் பரிமாறும் வழக்கம் இவ்வாறு நீண்ட வரலாறு உடையது. ஹிஜ்ரி 5ஆம் ஆண்டு அகழ்ப்போரின்போது ஜாபிர் (ரலி) அவர்கள் ஓர் ஆட்டுக்குட்டியையும் ஒரு ஸாஉ வாற்கோதுமையையும் கொண்டு ஒரு சிலருக்கு மட்டும் உணவு தயாரித்தார்கள். நபி (ஸல்) அவர்களோ அகழ் தோண்டிய அனைவரையும் அழைத்து வந்தார்கள். ஏறத்தாழ ஆயிரம் பேர் உண்டும் உணவு மீந்தது. இந்த முஃஜிஸாவை நாம் பலமுறை மிம்பரில் கேட்டிருக்கிறோம். ஆனால் அதில் உள்ள ஒரு சிறு செய்தியைப் பெரும்பாலும் கடந்து சென்றுவிடுகிறோம். தாம் வரும்வரை பாத்திரத்தை அடுப்பிலிருந்து இறக்க வேண்டாம் என நபியவர்கள் சொல்லி அனுப்பினார்கள்; பரிமாறும்போதும் அது அடுப்பிலேயே இருந்தது. கடைசியாக வந்தவருக்கும் சூடான உணவே கிடைத்தது.

பிற்காலத்தில் பக்தாதில் எழுதப்பட்ட சமையல் நூல்களைப் புரட்டினால் இக்கலை எவ்வளவு வளர்ந்திருந்தது என்பது விளங்கும். கி.பி. 10ஆம் நூற்றாண்டில் இப்னு ஸய்யார் அல்வர்ராக் என்பாரும், 1226இல் முஹம்மது பின் ஹஸன் அல்பக்தாதி என்பாரும் ‘கிதாபுத் தபீஹ்’ என்ற பெயரில் நூல்கள் எழுதினர். கொழுத்த இறைச்சியையும் கோதுமையையும் இரவு முழுவதும் சிறு தீயில் வேகவைத்து, விடியும்வரை மசித்துச் செய்யும் ஹரீஸாவை அவற்றில் காணலாம். இன்று ஹைதராபாத்தில் ரமளான் மாதத்தில் விற்பனையாகும் ஹலீம் அந்த மரபில் வந்ததே. உஸ்மானிய சுல்தான் சுலைமானின் துணைவியார் ஹுர்ரம் சுல்தான் 1552இல் ஜெரூசலத்தில் நிறுவிய அன்னசாலை நூற்றாண்டுகள் கடந்தும் ஏழைகளுக்கு உணவளித்து வந்திருக்கிறது.

பள்ளத்தாக்கின் மாடுகள்

இனி நமது தேனி மாவட்டத்திற்கு வருவோம். ஹனஃபி மத்ஹபைச் சார்ந்த ராவுத்தர்கள் பெரும்பான்மையாக வாழும் உத்தமபாளையம், கம்பம் முதலிய ஊர்களில் வலீமாவானாலும் ஹஜ்ஜுப் பெருநாள் குர்பானியானாலும் தேக்சாவில் வேகும் மாட்டிறைச்சி ஆணத்திற்குத் தனி இடமுண்டு. அந்த இறைச்சியின் தன்மையை அறிய வேண்டுமானால் இந்தப் பள்ளத்தாக்கில் மாடு என்ன வேலை செய்தது என்பதை முதலில் அறிய வேண்டும்.

முல்லைப் பெரியாறு அணை 1887இல் தொடங்கப்பட்டு 1895 அக்டோபர் 10 அன்று கவர்னர் வென்லாக் பிரபுவால் திறந்துவைக்கப்பட்டது. பென்னிகுயிக் பெயரை இங்குள்ள சிறு பிள்ளையும் சொல்லும். ஆனால் அம்மையநாயக்கனூர் ரயில் நிலையத்தில் வந்து இறங்கிய தளவாடங்களைக் கூடலூர் வரை இழுத்துச் சென்ற வண்டி மாடுகளை யார் நினைக்கிறார்கள்? அணைத் தண்ணீர் வந்தபின் பள்ளத்தாக்கில் இருபோக நெல் விளைந்தது. இன்றும் 14,707 ஏக்கர் இருபோக நிலம் என்பதே அரசு அறிவிப்புகளில் காணப்படும் கணக்கு. அந்த வயல்களை உழுதது காளை; தொழி மிதித்தது காளை; விளைந்த நெல்லைச் சந்தைக்கு இழுத்ததும் காளையே. மதுரை - போடி ரயில் பாதை 1928இல்தான் வந்தது. அதுவும் உலகப் போரின்போது பிடுங்கப்பட்டு, 1950களில் மீண்டும் போடப்பட்டது. மேகமலை அடிவாரத்தில் மேய்ந்த மலைமாடுகளோ பாலுக்காக அன்றி எருவுக்காக வளர்க்கப்பட்டவை. அறுவடை முடிந்த வயல்களில் இரவில் கிடை அமர்த்தினால் நிலம் உரம் பெறும்.

ஆக, இப்பகுதியில் இறைச்சிக்கென்றே மாடு வளர்க்கும் வழக்கம் இருந்ததில்லை. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் உழைத்து ஓய்ந்த மாடே அறுப்புக்கு வந்தது. 1958ஆம் ஆண்டின் தமிழ்நாடு கால்நடைப் பாதுகாப்புச் சட்டம் இதை விதியாகவே ஆக்கியது. பத்து வயதைக் கடந்து, வேலைக்கும் இனப்பெருக்கத்திற்கும் பயன்படாத மாடு. அல்லது காயம், ஊனம், தீராத நோய் ஆகியவற்றால் நிரந்தரமாகச் செயலிழந்த மாடு என உரிய அதிகாரி சான்றளித்தால் மட்டுமே அறுக்கலாம். 1976ஆம் ஆண்டின் அரசாணை பசுக்களையும் கிடாரிகளையும் அறுப்பதை முற்றிலும் தடை செய்தது.

இங்கே ஒரு நுட்பத்தைக் கவனியுங்கள். குர்பானிப் பிராணி குருடாகவோ, அறுக்குமிடத்திற்கு நடந்து வர இயலாத நொண்டியாகவோ, எலும்பும் தோலுமாகவோ, நோயுற்றதாகவோ இருக்கக் கூடாது என்பது நமது ஷரீஅத்தின் சட்டம். மாட்டுக்கு இரண்டு வயது நிறைவடைந்திருந்தாலே போதுமானது. நாட்டுச் சட்டமோ முதுமையை அல்லது இயலாமையைக் கேட்கிறது. ஊனமான மாட்டைச் சட்டம் அனுமதித்தாலும் மார்க்கம் குர்பானிக்கு ஏற்பதில்லை. கட்டிளங்காளையை மார்க்கம் ஏற்றாலும் சட்டம் அனுமதிப்பதில்லை. இரண்டு வாசல்களின் வழியாகவும் நுழையக்கூடியது, வயது முதிர்ந்தும் உடல் தளராத மாடு ஒன்றுதான். அத்தகைய மாட்டைத் தேடிப் பிடிப்பது எளிதன்று என்பதைக் கூட்டுக் குர்பானிக்குப் பொறுப்பேற்கும் ஜமாஅத்தார்கள் அறிவார்கள். விலை குறைவு என்பதற்காகச் சந்தையில் தள்ளாடும் மாட்டைப் பிடித்து வருவோர் ஏழு பேருடைய வணக்கத்தோடு விளையாடுகிறார்கள் என்றே சொல்வேன்.

மத்திய அரசு 2017 மே 23 அன்று வெளியிட்ட கால்நடைச் சந்தை விதிகள், அறுப்புக்காகச் சந்தையில் மாடு விற்பதையே தடுத்தன. அவ்விதிகளுக்கு மே 30 அன்று முதலில் இடைக்காலத் தடை விதித்தது நமது மதுரையில் அமைந்த உயர்நீதிமன்றக் கிளையே. ஜூலை 11 அன்று உச்சநீதிமன்றம் அத்தடையை நாடு முழுவதற்கும் நீட்டித்தது. விவசாயியின் கண்ணோட்டத்தில் பார்த்தாலும் இது முக்கியமானது. உழைத்து ஓய்ந்த மாட்டை விற்ற பணத்தில்தான் அவர் அடுத்த கன்றை வாங்கி வந்தார். இப்போது உழவுக்கு டிராக்டர் வந்துவிட்டது. மலைமாடுகளின் மேய்ச்சலோ, 2021இல் ஸ்ரீவில்லிபுத்தூர் - மேகமலை புலிகள் காப்பகம் அறிவிக்கப்பட்ட பின்னர் மேலும் சுருங்கிவிட்டது.

முதிய மாடும் சிறு தீயும்

முதிய காளையின் இறைச்சி ஏன் இறுகலாக இருக்கிறது? உழைக்கும் தசைகளைச் சுற்றி ஒரு நார்ப்பொருள் வளர்கிறது. அதனைக் கொலாஜன் என்பர். வயது ஏற ஏற அதன் இழைகள் ஒன்றோடொன்று பிணைந்து இறுகிவிடும். ஏறத்தாழ 70 டிகிரி வெப்பத்திற்கு மேல் நீண்ட நேரம் ஈரத்தோடு வைத்திருந்தால்தான் அது கரைந்து பசையாக மாறும். தீயைக் கொழுந்துவிட்டு எரியவிட்டால் வேலை விரைவாக முடியும் என எண்ணுவது தவறு. பொங்கிக் கொதிக்கும் நீரில் தசை சுருங்கி, தன் சாற்றை வெளியேற்றி, நார் கரையுமுன் சக்கையாகிவிடும். மேற்பரப்பில் ஒன்றிரண்டு குமிழிகள் மட்டும் எழும்பி உடையும் அளவுக்குத் தீயைக் கட்டுப்படுத்தி, மூன்று நான்கு மணி நேரம் பொறுத்திருப்பதே பண்டாரிகள் கைக்கொள்ளும் முறை. அவர்கள் கொலாஜனைப் பற்றி எந்த மதரஸாவிலும் படித்ததில்லை.

கால் கறி, கழுத்துக் கறி, நெஞ்செலும்பு ஆகியவை அதிகம் உழைத்த பாகங்கள். இவை நெடுநேரம் வெந்தால் தொடைக் கறியை விடச் சுவையானவை. எலும்புகளை முதலில் இட்டு, நுரையை அகற்றி, அதன்பின் ஒரே அளவில் நறுக்கிய துண்டுகளைச் சேர்க்க வேண்டும். துண்டுகள் சிறிதும் பெரிதுமாக இருந்தால் ஒன்று கரைவதற்குள் மற்றொன்று வேகாது. இடையில் நீர் சேர்க்க நேர்ந்தால் கொதிநீரே சேர்க்க வேண்டும். பப்பாளிக்காய்த் துண்டு மென்மைக்கு உதவும். மிகுந்தால் இறைச்சி மாவாகிவிடும். அந்தச் சாற்றிலேயே தால்சா செய்வோர் பருப்பு நன்கு வெந்த பிறகே புளியைக் கரைத்து ஊற்ற வேண்டும். புளிப்பு முந்தினால் பருப்பு வேகாது.

ஆளுக்கு எலும்புடன் 200 கிராம் என்று கணக்கிட்டால் 500 பேருக்கு 100 கிலோ வேண்டும். அடுப்பில் ஏறிய இறைச்சி ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு எடை குறையும். பற்றாக்குறை வந்தால் என்ன செய்வது? ஆணம் சமைக்கும்போது அதில் நீரை அதிகமாக்கி அண்டை வீட்டாரைக் கவனித்துக்கொள்ளுமாறு அபூதர் (ரலி) அவர்களுக்கு நபி (ஸல்) அவர்கள் உபதேசித்தார்கள். மாட்டெலும்புச் சாறு நீர் கூடினாலும் சுவை குன்றாத ஒன்று.

ஹிஜ்ரி 6ஆம் ஆண்டு ஹுதைபியாவில் ஸஹாபாக்கள் ஒட்டகத்தை ஏழு பேருக்காகவும் மாட்டை ஏழு பேருக்காகவும் அறுத்ததை ஜாபிர் (ரலி) அவர்கள் அறிவிக்கின்றார்கள். தனியே ஓர் ஆடு வாங்க இயலாத தோட்டத் தொழிலாளியும், சிறு வியாபாரியும் இன்று குர்பானி கொடுக்க முடிகிறதென்றால் அது இந்த ஏழில் ஒரு பங்கினால்தான். இவ்வாறிருக்க, திருமண விருந்தில் மாட்டிறைச்சி வைப்பது கௌரவக் குறைவு என்ற எண்ணம் நம்மவர்களிடையே பரவி வருவது வியப்பளிக்கிறது. விலையில் பாதிக்கும் குறைவான மாட்டிறைச்சியை விலக்கிவிட்டு, கடன் வாங்கி ஆட்டு பிரியாணி போடுகிறார்கள். ஹிஜ்ரி 10இல் நூறு ஒட்டகங்களைக் குர்பானி கொடுத்த நபி (ஸல்) அவர்கள், ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு துண்டை எடுத்து ஒரே பாத்திரத்தில் வேகவைக்கச் செய்து, அலீ (ரலி) அவர்களுடன் அந்த இறைச்சியை உண்டு சாற்றையும் பருகினார்கள். எந்த ஒட்டகத்தின் துண்டு உயர்ந்தது, எது தாழ்ந்தது என்ற பேச்சுக்கு அங்கே இடமிருந்ததா?

அண்டை வீட்டார் என்றதும் மற்றொன்றையும் சொல்லியாக வேண்டும். கம்பத்திலேயே தம்பிரான் மாட்டுத் தொழு இருக்கிறது. மாட்டைப் புனிதமாகப் போற்றும் சகோதர சமுதாயத்தார் பொங்கல் நாளில் அங்கே திரளாக வருகின்றனர். நம் விருந்துக்கு வரும் அவர்களில் மாட்டிறைச்சி உண்ணாதோர் பலர். அவர்களுக்குத் தனி அடுப்பு, தனிப் பாத்திரம், தனிக் கரண்டி வைத்துச் சமைப்பதும், எது என்ன உணவென்று மறைக்காமல் முன்கூட்டியே சொல்வதும் நம் கடமை. அஜ்மீரில் அக்பரும் ஜஹாங்கீரும் அளித்த பெரும் தேக்குகளில் இறைச்சியே சேர்ப்பதில்லை. அரிசி, நெய், சர்க்கரை, பருப்பு வகைகளால் ஆன இனிப்புச் சோறே சமைக்கப்படுகிறது. எல்லோரும் ஒரே பாத்திரத்தில் உண்ண அதுவும் ஒரு வழி.

அறுப்பவருக்கான கூலியைக் குர்பானி இறைச்சியிலிருந்தோ தோலிலிருந்தோ கொடுக்கலாகாது என்று அலீ (ரலி) அவர்களுக்கு உத்தரவிடப்பட்டது. கூலியைப் பணமாகத் தனியே கொடுத்துவிட வேண்டும்.

மிஞ்சிய இறைச்சியைப் பற்றி ஒரு வரலாறு உண்டு. ஓர் ஆண்டு ஹஜ்ஜுப் பெருநாளில் கிராமப்புற ஏழைகள் கூட்டமாக மதீனாவுக்கு வந்தபோது, மூன்று நாட்களுக்கு மேல் குர்பானி இறைச்சியைச் சேமிக்க வேண்டாம் என நபியவர்கள் தடுத்தார்கள். அடுத்த ஆண்டு அத்தடையை நீக்கி, உண்ணவும் சேமிக்கவும் தர்மம் செய்யவும் அனுமதித்தார்கள். இன்று குளிர்பதனப் பெட்டி இல்லாத வீடு அரிது. அதில் இறைச்சியை அடுக்குமுன் தெருவில் பங்கு கிடைக்காத வீடு எது என்று ஒரு முறை பார்த்துவிடுங்கள். சமைத்த ஆணம் மிஞ்சினால் அதைத் தேக்சாவிலேயே மூடி இரவு முழுவதும் விட்டுவிடாதீர்கள். பெரிய பாத்திரத்தின் நடுப்பகுதி ஆறப் பல மணி நேரமாகும். அந்த வெதுவெதுப்பில் பெருகும் கிருமியால் விருந்து உண்டவர்கள் மறுநாள் வயிற்றுப்போக்கோடு மருத்துவமனைக்கு ஓட நேரிடும். பரிமாறி முடியும்வரை அடுப்பிலேயே சூடாக வைத்திருங்கள். மிஞ்சியதை உடனே அகலமான சிறு பாத்திரங்களில் பிரித்து ஆறவைத்துக் குளிரூட்டுங்கள். மறுநாள் எடுப்பதை நன்றாகக் கொதிக்கவைத்தே பரிமாறுங்கள்.