திருப்பூர் வீதிச் சுவர்கள்: நடந்து படிக்கும் நகர வரலாறு

திருப்பூர், தமிழ்நாட்டின் மேற்குப் பகுதியில் நொய்யல் ஆற்றங்கரையில் அமைந்துள்ள பின்னலாடைத் தொழில் நகரம் ஆகும். 2008 இல் மாநகராட்சியாகத் தரம் உயர்ந்தது. 2009 இல் கோயம்புத்தூர், ஈரோடு மாவட்டங்களின் சில பகுதிகளைப் பிரித்துத் திருப்பூர் மாவட்டம் உருவாக்கப்பட்டது. கோட்டை, அரண்மனை போன்ற சுற்றுலாச் சின்னங்களுக்காக இந்நகருக்கு வருவோர் இல்லை. வருவோரில் பெரும்பாலானோர் வேலை தேடியோ சரக்கு வாங்கவோ வருகின்றனர். எனவே இந்நகரின் வரலாற்றை அறிய விரும்புவோர் நினைவுச் சின்னங்களோடு வீதிச் சுவர்களையும் படிக்க வேண்டியுள்ளது. கம்பெனி வாசல்களில் தொங்கும் ஆள்சேர்ப்புப் பலகைகள், கட்சி எழுத்துகள், தொழிற்சங்கச் சுவரொட்டிகள், மங்கிய சுவர் விளம்பரங்கள் ஆகியவை சேர்ந்து ஒரு தொழில் நகரத்தின் ஆவணமாக அமைகின்றன. இக்கட்டுரை அவற்றை நகரின் பகுதி வாரியாக விளக்குகிறது.

ரயில் நிலையமும் குமரன் சாலையும்

திருப்பூரில் நடையைத் தொடங்க ஏற்ற இடம் ரயில் நிலையம். சென்னையையும் மேற்குக் கடற்கரையையும் இணைத்த ரயில் பாதை 1860களில் இவ்வழியாக அமைந்தது. சுற்றுவட்டாரத்தில் விளைந்த பருத்தியை வெளியூர்களுக்கு அனுப்ப இப்பாதை உதவியது. பருத்தி வணிகமும் பஞ்சு அரைவை ஆலைகளும் பனியன் தொழிலுக்கு முன்பே இங்கு வேரூன்றியிருந்தன. விடுதலைப் போராட்டக் காலத்தில் காதி உற்பத்தியிலும் திருப்பூர் முக்கிய மையமாக இருந்தது.

நிலையத்தின் அருகில் தியாகி திருப்பூர் குமரன் நினைவகம் உள்ளது. குமரன் 1904 அக்டோபர் 4 அன்று சென்னிமலையில் பிறந்தவர். 1932 ஜனவரி 10 அன்று தடையை மீறி நடந்த ஊர்வலத்தில் காவலர்களின் தடியடிக்கு ஆளானார். கையிலிருந்த தேசியக் கொடியைக் கீழே விடாமல் சாய்ந்த அவர், மறுநாள் மருத்துவமனையில் உயிர்நீத்தார். ‘கொடி காத்த குமரன்’ என்னும் பெயர் அதனால் வந்தது. அவரது நூற்றாண்டான 2004 இல் இந்திய அஞ்சல் துறை நினைவு அஞ்சல்தலை வெளியிட்டது.

கொடியேந்திய குமரனின் உருவம் இந்நகரில் சிலையாகவும் படமாகவும் சுவர் ஓவியமாகவும் பல இடங்களில் காணப்படுகிறது. நகரம் தன்னைப் பற்றி வரைந்துகொண்ட முதன்மையான ஓவியம் இதுவே எனலாம். ஆனால் அதே சாலையிலிருந்து பிரியும் சந்துகளில் நுழைந்தால், ஓவியமாக வரையப்படாத இன்னொரு வரலாறு எழுத்தாகத் தொடங்குகிறது.

காதர்பேட்டை

ரயில் நிலையத்திலிருந்து நடந்து செல்லும் தொலைவில் காதர்பேட்டை உள்ளது. உள்நாட்டு பனியன் வணிகத்தின் மொத்த விற்பனைச் சந்தை இது. ஏற்றுமதியில் தேங்கிய சரக்கும், சிறு குறையால் ஒதுக்கப்பட்ட ‘செகண்ட்ஸ்’ சரக்கும் இங்கு விற்கப்படுகின்றன. வெளிமாநில வியாபாரிகள் மூட்டைக் கணக்கில் வாங்கிச் செல்வர். தமிழுடன் இந்தியும் மலையாளமும் இங்கு வணிக மொழிகளாகக் கேட்கின்றன.

திருப்பூரில் பின்னலாடைத் தொழிலின் தொடக்க ஆண்டாக 1925 ஐக் குறிப்பிடுவது வழக்கம். கொல்கத்தாவில் நடைபெற்ற தொழிலைப் பார்த்து இயந்திரங்கள் இங்கு கொண்டுவரப்பட்டன. பல பத்தாண்டுகள் உள்ளாடை உற்பத்தியே முதன்மையாக இருந்தது. 1970களின் இறுதியில் ஐரோப்பிய இறக்குமதியாளர்கள் வரத் தொடங்கியபின் டி-சர்ட் போன்ற மேலாடைகளின் ஏற்றுமதி வளர்ந்தது. 1980களின் நடுப்பகுதியில் சுமார் 15 கோடி ரூபாயாக இருந்த ஆண்டு ஏற்றுமதி, 2024–25 இல் ஏறத்தாழ 40,000 கோடி ரூபாயை எட்டியது.

‘ஆட்கள் தேவை’ பலகைகள்

திருப்பூர் வீதிகளில் மிகுதியாகக் காணப்படும் வாசகம் ‘ஆட்கள் தேவை’ என்பதாகும். கரும்பலகையில் சாக்குக்கட்டியாலும், தகரத்தில் பெயின்டாலும், வெள்ளைத்தாளில் மார்க்கராலும், ஃபிளெக்சில் அச்சாகவும் இது எழுதப்படுகிறது. வாசகத்தின் கீழே எந்த வேலைக்கு ஆள் தேவை என்ற பட்டியல் இருக்கும். சிங்கர் டெய்லர், ஓவர்லாக், பேட்லாக், கட்டிங் மாஸ்டர், செக்கிங், அயர்னிங், பேக்கிங், கைமடி ஆகியவை அப்பட்டியலில் வழக்கமாக இடம்பெறும் சொற்கள்.

இப்பலகைகள் இவ்வளவு பெருகியதற்குக் காரணம் தொழிலின் அமைப்பே ஆகும். ஒரு பனியன் ஒரே கூரையின் கீழ் உருவாவது அரிது. நூல் ஓரிடத்தில் துணியாகப் பின்னப்படும். அத்துணி வேறோர் இடத்தில் சலவையோ சாயமோ பெறும். பின்னர் கம்பாக்டிங், பிரிண்டிங், எம்ப்ராய்டரி என ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் கம்பெனிகள் உண்டு. தையல் வேலை ‘பவர் டேபிள்’ எனப்படும் சிறு தையற்கூடங்களுக்கு ஜாப் ஒர்க்காகச் செல்லும். குடியிருப்பு வீடுகளுக்கு நடுவிலேயே இக்கூடங்கள் இயங்குகின்றன. ஆர்டர் வந்தால் உடனே ஆள் வேண்டும். முடிந்தால் ஆள் வேண்டாம். செய்தித்தாள் விளம்பரத்துக்குக் காத்திருக்க நேரமில்லாத இத்தொழிலுக்கு வாசற்பலகையே விளம்பரம்.

ஆகவே இப்பலகைகள் தொழிலின் நாடியைக் காட்டுவன. ஆர்டர் மிகுந்த காலத்தில் ஒரே வீதியில் வரிசையாகத் தொங்கும். ஆர்டர் குறையும்போது அவற்றுக்கு வேலையில்லை. 2020 பொதுமுடக்கத்தின்போது வடமாநிலத் தொழிலாளர் பெருமளவில் ஊர் திரும்பினர். 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கான இறக்குமதி வரியை 50 விழுக்காடாக உயர்த்தியதும் இந்நகரின் ஏற்றுமதி ஆர்டர்கள் பாதிக்கப்பட்டன. இவ்வகைச் செய்திகள் நாளிதழில் புள்ளிவிவரமாக வரும். வீதியில் அவை ஒரு பலகையின் இருப்பாகவும் இன்மையாகவும் தெரியும்.

பலகை சொல்வதும் சொல்லாததும்

ஆள்சேர்ப்பு அறிவிப்பில் வேலையின் பெயர், தொலைபேசி எண், சில இடங்களில் ‘தங்கும் வசதி உண்டு’ என்ற வரி ஆகியவை இருக்கும். வேலை நேரமும் கூலியும் எல்லாவற்றிலும் இருப்பதில்லை. திருப்பூரில் ‘ஒன்றரை ஷிப்ட்’ என்பது அன்றாடச் சொல். காலையில் தொடங்கி இரவு வரை நீளும் 12 மணி நேர வேலையை அது குறிக்கும். சனிக்கிழமை வாரச் சம்பளம் என்பதும் இங்கு எழுதாமலே அறியப்படும் வழக்கம். ஞாயிற்றுக்கிழமைகளில் கடைவீதிகள் நிரம்பி வழிவது இதனால்தான்.

அறிவிப்பு மறைத்த உண்மைக்குக் கடுமையான எடுத்துக்காட்டு, மேற்கு மாவட்டங்களின் சில நூற்பாலைகள் பின்பற்றிய ‘சுமங்கலித் திட்டம்’ ஆகும். மூன்றாண்டு வேலை செய்தால் திருமணச் செலவுக்கு மொத்தத் தொகை கிடைக்கும் என்று கூறி, ஏழைக் குடும்பத்து இளம்பெண்கள் ஆலை விடுதிகளில் சேர்க்கப்பட்டனர். ‘மாங்கல்யம்’, ‘திருமணம்’ போன்ற சொற்கள் வேலைக்கு மங்கலமான தோற்றம் தந்தன. குறைந்த கூலி, நீண்ட வேலை நேரம், விடுதியை விட்டு வெளியே செல்லத் தடை, பாதியில் நின்றால் மொத்தத் தொகை கிடைக்காமை ஆகியவை பின்னர் தொழிலாளர் அமைப்புகளாலும் நீதிமன்றத்திலும் கேள்விக்கு உள்ளாயின.

தொழிற்சங்கச் சுவரொட்டிகளும் கட்சிச் சுவர்களும்

முதலாளியின் பலகைக்கு எதிர்ச்சுவரில் தொழிலாளியின் சுவரொட்டி ஒட்டப்படுவது திருப்பூரின் நீண்ட மரபு. பனியன் தொழிலாளரிடையே ஏ.ஐ.டி.யு.சி., சி.ஐ.டி.யு. உள்ளிட்ட சங்கங்கள் பல பத்தாண்டுகளாகச் செயல்பட்டு வருகின்றன. 1984 இல் பஞ்சப்படி கோரி 127 நாள்கள் நீடித்த வேலைநிறுத்தம் இந்நகரின் தொழிலாளர் வரலாற்றில் முக்கிய நிகழ்வு. உற்பத்தியாளர் சங்கங்களும் தொழிற்சங்கங்களும் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை பேசிக் கூலி ஒப்பந்தம் செய்யும் முறை இங்கு உள்ளது. பேச்சுவார்த்தைக் காலத்தில் சுவரொட்டிகள் பெருகும்.

தேர்தல் காலத்தில் சுவர்களின் உரிமை கட்சிகளுக்கு மாறும். ஒரு சுவருக்கு வெள்ளையடித்து, ஓரத்தில் கட்சியின் பெயரையும் ஆண்டையும் எழுதி வைத்தால் அச்சுவர் ‘பிடிக்கப்பட்டது’ என்று பொருள். மற்றக் கட்சியினர் அதில் எழுதுவதில்லை. பொது இடங்களை உருக்குலைப்பதைத் தடுக்கும் தமிழ்நாட்டுச் சட்டம் 1959 முதல் நடைமுறையில் உள்ளது. தேர்தல் நடத்தை விதிகள் அமலுக்கு வந்ததும் பொதுச்சுவர் எழுத்துகள் அழிக்கப்படுகின்றன. அழித்த சுண்ணாம்பு மழையில் கரைந்தபின் பழைய சின்னங்கள் மங்கலாகத் திரும்பத் தெரிவதுண்டு.

எழுதிய கைகள்

ஃபிளெக்ஸ் அச்சு பரவும் முன் இவ்வெழுத்துகள் அனைத்தும் கையால் எழுதப்பட்டன. சுவர் ஓவியர்கள் சுண்ணாம்புடன் வண்ணப்பொடியும் வஜ்ஜிரமும் கலந்து எழுதினர். கடைப்பலகைக்கு எனாமல் பெயின்ட் பயன்பட்டது. நூல் பிடித்து இரு கோடுகள் போட்டு, அவற்றுக்கிடையே எழுத்தின் உடலை அமைத்து, கடைசியில் நிழல் தீட்டுவது வழக்கமான முறை. ஓரத்தில் ‘ஆர்ட்ஸ்’ என்று முடியும் ஒரு சிறு பெயர் கையொப்பமாக இருக்கும்.

2000களில் ஃபிளெக்ஸ் மலிவானதும் இத்தொழில் வேகமாகச் சுருங்கியது. திருப்பூரின் பழைய வீதிகளில் எஞ்சியுள்ள கையெழுத்துப் பலகைகள், பெயர் பதியப்படாத அக்கலைஞர்களின் கடைசிச் சான்றுகளாக உள்ளன.

மொழி மாறும் வீதிகள்

தொழிலாளர் தங்கும் பகுதிகளில் ‘லைன் வீடு’ எனப்படும் வரிசை வீடுகள் நிறைந்துள்ளன. தொடக்கத்தில் மதுரை, தேனி, திண்டுக்கல் போன்ற தென்மாவட்டங்களிலிருந்தும் சுற்றுக் கிராமங்களிலிருந்தும் வந்தவர்கள் இவற்றில் குடியேறினர். கடந்த இருபது ஆண்டுகளில் ஒடிசா, பீகார், ஜார்க்கண்ட், மேற்கு வங்கம், அசாம், உத்தரப் பிரதேசம் ஆகிய மாநிலங்களிலிருந்து தொழிலாளர் பெருமளவில் வந்துள்ளனர். அதனால் ஆள்சேர்ப்புப் பலகைகள், செல்போன் கடைகள், உணவகங்கள், ரயில் டிக்கெட் பதிவு நிலையங்கள் ஆகியவற்றில் இந்தி எழுத்தும் இடம்பெறத் தொடங்கியது.

2023 மார்ச் தொடக்கத்தில் தமிழ்நாட்டில் வடமாநிலத் தொழிலாளர் தாக்கப்படுவதாகப் பொய்யான காணொளிகள் பரவின. தமிழ்நாடு காவல்துறை அவை பொய் என்று அறிவித்தது. பீகார் அரசின் குழு திருப்பூருக்கு நேரில் வந்து தொழிலாளரைச் சந்தித்தது. அச்சம் பரவிய வேகத்தைக் கண்டபோது, தொழிலாளருக்கு அவர்கள் மொழியில் தகவல் கிடைப்பது எவ்வளவு முக்கியம் என்பது தெளிவானது. பலகையில் உள்ள இரண்டு வரி இந்தியை இப்பின்னணியில் படிக்க வேண்டும்.

நொய்யல் கரை

ரயில் நிலையத்திலிருந்து தெற்கே நடந்தால் நொய்யலை அடையலாம். வெள்ளியங்கிரி மலையில் தோன்றிக் காவிரியில் கலக்கும் இவ்வாறு, சாயப்பட்டறைக் கழிவால் பல ஆண்டுகள் நிறம் மாறி ஓடியது. கீழ்ப்பகுதியில் 1992 இல் திறக்கப்பட்ட ஒரத்துப்பாளையம் அணை, பாசன நீருக்குப் பதிலாகக் கழிவுநீரைத் தேக்கி வைத்தது. ஆற்றோர விவசாயிகளின் நிலமும் கிணறும் உவர்ப்பாயின. அவர்கள் தொடுத்த வழக்குகளின் தொடர்ச்சியாக, 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் திருப்பூரின் சாய, சலவை ஆலைகளை மூட உத்தரவிட்டது. 700 க்கும் மேற்பட்ட ஆலைகள் நின்றன. பின்னர் கழிவுநீரை முழுமையாகச் சுத்திகரித்து மறுபடி பயன்படுத்தும் ‘ஜீரோ டிஸ்சார்ஜ்’ முறையின்கீழ் அவை படிப்படியாக இயங்கின. எழுத்தாளர் சுப்ரபாரதிமணியனின் ‘சாயத்திரை’ நாவல் இச்சூழலைக் களமாகக் கொண்டது.

ஓவியத் தெருக்களுடன் ஒப்பீடு

இந்தியாவில் வீதி ஓவியத்துக்கென அறியப்பட்ட பகுதிகள் வேறு உள்ளன. டெல்லியின் லோதி காலனி முதலில் புகழ்பெற்றது. சென்னையில் 2020 இல் கண்ணகி நகரின் குடியிருப்புச் சுவர்களில் பெரிய ஓவியங்கள் வரையப்பட்டன. நகரின் நடுவிலிருந்து அகற்றப்பட்ட குடிசைவாழ் மக்களை 2000 முதல் மறுகுடியமர்த்திய பகுதி கண்ணகி நகர். அங்கு ஓவியம் வரைந்ததன் நோக்கங்களுள் ஒன்று, அப்பகுதியைப் பற்றிய இழிவான எண்ணத்தை மாற்றுவதாகும்.

திருப்பூரின் சுவர்கள் இவ்வகையைச் சேர்ந்தவை அல்ல. அவை பார்வையாளரை எதிர்பார்த்து எழுதப்பட்டவை அல்ல. வேலைக்கு ஆள் வேண்டும், கூலி உயர வேண்டும், வாக்கு வேண்டும் என்ற தேவைகளால் எழுதப்பட்டவை. ஓவியத் தெருவுக்குப் பாதுகாவலரும் புகைப்படக்காரரும் உண்டு. ‘ஆட்கள் தேவை’ பலகைக்கு அவர்கள் இல்லை. ஆள் கிடைத்ததும் அது அழிக்கப்படுகிறது.

பதிவு செய்யும் முறை

இவ்வீதிகளை நடந்து பார்க்கும் மாணவர்கள், ஒவ்வோர் எழுத்துக்கும் நாள், வீதி, மொழி, வேலையின் பெயர், எழுதப்பட்ட பொருள் ஆகிய ஐந்தையும் குறித்து வைக்கலாம். தொலைபேசி எண்களையும் தனிமனிதர் முகங்களையும் படத்தில் தவிர்ப்பது முறை. கம்பெனிக்குள் நுழைய அனுமதி பெற வேண்டும். ஷிப்ட் நேரத்தில் வாசலை மறித்து நிற்கக் கூடாது. ஞாயிறு காலை நடப்பதற்கு ஏற்ற நேரம். ஒரே வீதியை ஆண்டுக்கு ஒருமுறை இவ்வாறு பதிவு செய்தால், எந்த வேலை மறைந்தது, எந்த மொழி வந்தது, எப்போது ஆள் தேவைப்படாமல் போனது என்பவற்றை அவ்வீதியே காட்டும்.